மாடு தேடும் படம்

முக்காலிக்கு மூன்று கால்.
எனக்கு ஒன்று.
மற்றது மணலாற்றில்.
வவுனிக்குளத்து அணைக்கட்டில்
இருவருமாய் நாலு காலில் நிற்கிறோம்.

கமரா மல்லாவி ஸ்ரூடியோக்காரப் பெடியனுடையது.
வெள்ளிக்குள் கொடுக்கவேணும்,
சனிக்கிழமை அவனுக்கு ஒரு சாமத்தியவீடு இருக்கு.

கதை இவ்வளவுதான்:
ஒரு மனுசியின் மாடு காணாமல் போகிறது.
படத்தை எடுத்துக்கொண்டு கந்தோர் கந்தோராய் ஏறுகிறாள்.
எல்லா இடத்திலும் படிவம் கொடுக்கிறார்கள்.
கடைசியாய்க் கண்டது எங்கே, எத்தினை மணிக்கு, ஆர் சாட்சி.

மூன்றாம் நாள் மோட்டார் சைக்கிளில் வந்தவர்
கதையைக் கேட்டுக் கொப்பியில் எழுதினார்.
துவக்கு இல்லையா?
இல்லை சேர்.
சண்டை?
இல்லை.
பேனையை மூடினவர் திரும்பத் திறந்தார்.
இந்த மாடு, மாடுதானா?
மாடுதான் சேர். நெற்றியில் சுட்டி. ஒரு கொம்பு மடங்கினது.
யோகராணி அக்காவின் மாடு, நாளுக்கு ஆயிரம் ரூபா.

ஒருகாலம் எனக்குக் கீழே பதினொரு பேர்.
நில் என்றால் நிற்பார்கள்.
இந்த மாடு நிற்குதில்லை.

மனுசியாய் நடிக்கிறவள் அமிர்தகலா.
அழவேண்டாம் என்று சொல்லிவைத்தேன்.
அழவில்லை.
கட்டு நீளத்துக்கும் நடந்து நடந்து
சிவலை, சிவலை என்று கூப்பிட்டாள்.
ஐந்தாம் தரமோ ஆறாம் தரமோ
வந்த பெயர் நான் எழுதினதில்லை.
ஒரு பெடியனின் பெயர்.

நிறுத்தச் சொல்ல வாய் திறந்தேன்.
வரவில்லை.
சிவப்பு விளக்கு மினுங்கிக்கொண்டே இருந்தது.
எனக்குப் பின்னால் தலைக்கவசம் கழற்றும் சத்தம்.

அப்போதுதான் கயிற்றை இழுத்தபடி
மருதமரத்துப் பக்கமிருந்து மாடு வந்தது,
கூப்பிட்டவளின் கையை முகர்ந்து பார்க்க.
கதைப்படி அது வரக்கூடாது.
வெட்டுவதா, விடுவதா.
பற்றறியில் இன்னும் நாலு வீதம்.