பித்தளை வில்லை

பெரம்பூர் ரயில் பட்டறையில்
எனக்குக் கொடுத்திருந்த நாற்காலி
கக்கூசைப் பார்த்துப் போடப்பட்டிருந்தது.
பக்கத்தில் ஆணி அடித்த பலகை, இருபது வில்லை,
கம்பெனி கடிகாரம், கம்பெனி மை.
நம்பர், போன நேரம், வந்த நேரம்.
ஆறு நிமிடம் தாண்டினால் சிவப்பு,
சிவப்புக்கு அரை நாள் கூலி.
ஏன் என்று எழுதக் கட்டம் கிடையாது.

வீட்டில் டைம் ஆபீஸ் உத்தியோகம் என்று சொல்லியிருந்தேன்.
பட்டறையில் என் பேர் பீக்கணக்கன்.
பாய்லர் ஆட்கள் என்னைத் தாண்டும்போது
மூக்கைப் பிடித்துக்கொள்வார்கள்.

வேப்பமரத்துக்கு அந்தப் பக்கம்
ஸ்டோக்ஸ் துரைக்குத் தனி.
கதவு, உள்தாழ்ப்பாள், கைகழுவப் பீங்கான்.
பேப்பரை மடித்துக்கொண்டு போனால்
மர நிழல் இடம் மாறிய பின் வருவார்.
துரை வயிற்றுக்கு ஏது கடிகாரம்.
சட்டைக்கார ஃபிட்டர்களுக்கு நடுவில் ஒன்று,
அதற்குப் பாதிக் கதவு.
எங்கள் ஆட்களுக்குச் சாக்குத் திரைகூட இல்லை,
நான் பார்த்து எழுத வேண்டுமே.

ஆடி மாதம். மூன்றரை மணி இருக்கும்.
முந்நூற்றுப் பதினேழு, கன்னியப்பன்,
வில்லையை எடுத்துக்கொண்டு போனவன் உட்காரவில்லை.
பின்சுவர் உடைசலில் காதை வைத்து நின்றான்.
அந்தப் பக்கம் ஒரு பையன்,
புளியந்தோப்பிலிருந்து ஓடிவந்த மூச்சு
எனக்கே கேட்டது.

"இருட்டறதுக்குள்ள ஓட்டேரிக்கு இட்டுனு போவணுமாம்.
நீ வர்ற வரிக்கும் வெச்சிக்கிறதா இன்னான்னு
அக்கா கேட்டுனு வரச் சொல்ச்சி."

சங்கு ஊத ஆறாகும்.
ஓட்டேரி நல்லாவைத் தாண்டி நடக்க வேண்டும்.
அதையெல்லாம் அவன் சுவரில் கணக்குப் போட்டிருப்பான்.
பிறகு கேட்டான்,
"இன்னா துணில சுத்திகிறாங்க?"

பையனுக்குத் தெரியவில்லை.

"வெச்சிக்கினு இருக்க வேணாம்னு சொல்லு."

திரும்பி வந்து வில்லையை மாட்டினான்.
அது ஆணியில் கொஞ்சம் ஆடியது.
பதினோரு நிமிடம்.

கம்மியா போடு நைனா என்று
எல்லோரும் கேட்பார்கள், இவன் கேட்கவில்லை.
கேட்டிருந்தால் போட்டிருப்பேன் என்று
சொல்லிக்கொண்டு வருகிறேன், முப்பது வருஷமாக.

மரத்தடியில் பேப்பர் தெரிந்தது,
அதன் பின்னால் துரையின் வெள்ளைத் தொப்பி.
நான் சிவப்பு மையைத் தொட்டேன்.

சாயங்காலம் நோட்டைப் புரட்டிய துரை
அந்தப் பக்கத்தில் நின்று
கையெழுத்து சுத்தம் என்றார்.
எனக்கு அது பிடித்திருந்தது.
வீட்டில் போய்ச் சொன்னேன்.