படகுச் சவாரி உட்பட

சீட்டில் அச்சாகியிருந்தது:
கோட்டை வட்டாரம், நடையாக.
திருமணிமுத்தாறு, படகுச் சவாரி உட்பட.
தலைக்கு நானூறு.
அச்சடித்தவர் என் முதலாளி. ஓசூர்க்காரர்.
ஆற்றை அவர் மேப்பில் பார்த்திருக்கிறார்,
அதில் அது நீலமாகத்தான் ஓடுகிறது.

ஞாயிறு மாலை நாலு மணி. ஒன்பது பேர்.
கடைசியாக வந்தவன் நிகேதன், ஆறு வயது,
இடுப்பில் காற்றடைத்த வாத்து வளையம்.
பெருந்துறையில் மாட்டியதை
பஸ்ஸிலும் கழற்றவில்லையாம்.

கோட்டையில் தொடங்கினேன்.
"கோட்டை எங்கே?" என்றார் கேமராக்காரர்.
"நிற்கிறீங்களே, இதுதான்."
மதில் இருந்திருக்க வேண்டிய இடத்தில்
ஸ்கூட்டர்கள் சாய்ந்து நின்றன.
எங்கள் ஊரில் பொருள் தேய்ந்தபின்னும்
பெயர் வேலைக்குப் போய்க்கொண்டிருக்கும் என்றேன்.
எப்போதும் சொல்வது. எப்போதும் சிரிப்பார்கள்.
இன்று வாத்து மட்டும்.

பெருமாள் கோயில் துளசி,
பள்ளிவாசல் பக்கத்து அத்தர்க்கடை,
வாசனை வாசனையாகக் கூட்டிப்போய்
பாலத்தில் ஏற்றினேன்.
கைக்குட்டைகள் ஒன்றாக மேலெழுந்தன.

திரு, மணி, முத்து.
இத்தனை நகை பூட்டிய பெயருக்குக் கீழே
அன்றைக்கு ஊதா நிறம்.
யாரோ ஒருத்தியின் கல்யாணப் புடவை
நனைந்து எழுந்த மிச்சம்.

வங்கி மேலாளர் துவாரகநாதன்
சீட்டை நீட்டி, நகத்தால் கோடிழுத்தார்:
"உட்படன்னு போட்டிருக்கே."
பையன் ஒன்றும் சொல்லவில்லை.
வாத்தின் தலையைக் கம்பிக்கு மேல் தூக்கி
அதற்கு ஆற்றைக் காட்டினான்.

"வாங்க" என்றேன்.
எங்கே என்று எனக்கே தெரியாது.
கால்கள் வலப்பக்கம் திரும்பி
மாவு மில் சந்தில் நுழைந்தன.
சுவரில் என் தோள் உயரத்துக்கு ஒரு பழுப்புக் கோடு.
இரண்டு தடவை வெள்ளையடித்தார்கள்,
இரண்டு தடவையும் வெளியே வந்துவிட்டது.

"அஞ்சு வருஷம் முன்னாடி, ஐப்பசி,
ராத்திரி ரெண்டு மணிக்கு
ஆறு இந்தப் பக்கமா வந்துச்சு.
தீயணைப்புக்காரங்க ரப்பர் படகு
அந்த மருந்துக்கடையில திரும்பிச்சு.
பதினோரு பேர், ஒரு ஆடு, ஒரு கேஸ் சிலிண்டர்.
நானும் இருந்தேன்.
நீங்க இப்ப நடக்கிறது ஆத்துல."

மேலாளர் தன் ஷூவைப் பார்த்தார்.
பையன் இரண்டு கையாலும் துடுப்புப் போட ஆரம்பித்தான்.
டிரான்ஸ்பார்மர் அருகே வந்ததும்,
அன்றைக்கு அந்தத் தீயணைப்புக்காரர் கத்தியது
என் வாயிலிருந்து வந்துவிட்டது:
"கம்பி! குனிங்க!"
ஒன்பது தலையும் குனிந்தன.
ஆளெட்டாத உயரத்தில்
காகம் உட்கார்ந்த கம்பி சும்மா தொங்கியது.

அவர்களிடம் சொல்லாதது ஒன்று உண்டு.
தையல் மெஷின் முழுகியது, அரிசி முழுகியது,
வாடகை அட்வான்ஸ் ரசீது முழுகியது.
படகெல்லாம் அழுதேன் என்றுதான்
நிவாரணம் எழுத வந்தவரிடமும் சொன்னேன்.
ஆனால் மருந்துக்கடை முக்கில் படகு சாய்ந்தபோது
வயிற்றுக்குள் ராட்டினத்தின் ஜில்லிப்பு.
முப்பத்தெட்டு வயதில் முதல் படகு.
இன்னொரு சுற்று போக மாட்டார்களா என்று
ஒரு நொடி நினைத்தேன்.
ஆடு திரும்பி என்னைப் பார்த்தது.

செவ்வாய்ப்பேட்டையில்
எல்லோருக்கும் தட்டுவடை செட் வாங்கிக்கொடுத்தேன்,
என் காசில்.
பீட்ரூட் துருவல் ஒட்டிய மீசையோடு
பாதிப் பணமாவது திரும்பக் கிடைக்குமா என்றார் மேலாளர்.
முதலாளி நம்பரைக் கொடுத்தேன்.

"அக்கா, அந்தப் படகு இனி எப்ப வரும்?"
ஏற்காட்டு மலைப்பக்கம் மேகம் கூடியிருந்தது.
நான் சட்னியைத் தேடுவதுபோல் திரும்பிக்கொண்டேன்.
அவன் அம்மா வளையத்தின் மூடியைத் திறந்தாள்.
வாத்து முதலில் கழுத்தைத் தொங்கப் போட்டது,
பிறகு கொஞ்சம் கொஞ்சமாக
பெருந்துறைக் காற்று எங்கள் தெருவில் இறங்கியது.