தைக்கக் கூடாத கொடி

வியாழன்தோறும் காலை ஒன்பது மணிக்கு
புனித ஆஸ்வால்ட் தேவாலயத்தில்
வடக்குச் சுவரோரம் பெருக்குவது என் வேலை.
மேலே தொங்குகிறது ஒரு ரெஜிமென்டின் கொடி.
கொடி என்று சொன்னால்தான் கொடி.
மற்றபடி, வலைக்குள் சிக்கிய பழுப்பு.

ஓய்வு பெற்ற கொடியைத் தைக்கக் கூடாதாம்.
துவைக்கக் கூடாது, ஒட்டுப் போடக் கூடாது.
தானாக இற்று, தானாக உதிர்ந்து
தூசியாகும்வரை அது தொங்க வேண்டும்.
மேஜர் ப்ளென்கின்சாப் இதைச் சொன்னபோது
தொப்பியைக் கழற்றியிருந்தார்.
நான் ரப்பர் கையுறையைக் கழற்றவில்லை.

ஆக, தூசி என் பொறுப்பு.

பெரும்பாலும் பட்டுநூல் துணுக்குகள்.
ஒருமுறை ஜரிகையில் ஓர் எழுத்து விழுந்தது,
முழுசாக, செத்த வண்டுபோல் முதுகு வளைந்து.
அண்ணாந்து பார்த்தேன்:
ஏதோ ஒரு போரின் பெயரில் பல் விழுந்த இடைவெளி.
எந்தப் போர் என்று கேட்டதற்கு
ஸ்பெயினில் என்றார் மேஜர்,
பிறகு போர்ச்சுகல் என்றார்,
பிறகு வெளியே மழை என்றார்.

கொடிக்குக் கீழே கண்ணாடிப் பெட்டி,
அதற்குள் படையின் பேரேடு.
வெயில் ஒரே பக்கத்தைத் தின்றுவிடக் கூடாதென்று
மாதம் ஒரு தாள் புரட்டி வைப்பார்கள்.
பதினோரு வருடமாகக் கண்ணாடி துடைக்கிறேன்.
தவணை முறையில் வரலாறு படித்தவள் நான்.

மார்ச் முழுக்க பூட்ஸ்: அளவு, ஜோடி, பழுது.
ஒரு நவம்பரில் கசையடி: பெயர், எண்ணிக்கை,
மருத்துவர் போதுமென்று கை காட்டிய அடி.
போன ஜூனில் வந்தது
கப்பல்துறைப் பக்கம்.

கிரைமியாவுக்குப் படை புறப்படுகிறது.
கம்பெனிக்கு நான்கு மனைவியர் கூடப் போகலாம்.
இருப்பதோ இருபத்தொரு பேர்.
ஒரு தொப்பி, அதற்குள் சீட்டுகள்,
'போ' என்று நான்கு, 'நில்' என்று பதினேழு.
யாருக்கு எது வந்தது என்று
அழகான கையெழுத்தில் ஒரு குமாஸ்தா எழுதியிருக்கிறான்.

கெஸியா மட், நில்.
ஹெஸ்டர் திரெல்கெல்ட், நில்.
டார்க்கஸ் பிக்கர்ஸ், போ.

அடுத்து, அதே மையில், அதே அழகில்:
பிக்கர்ஸ் தன் சீட்டைத் திரெல்கெல்டுக்குத் தந்தாள்.
அனுமதிக்கப்படவில்லை.

ஏன் தந்தாள் என்று எழுதவில்லை.
நின்றவர்களுக்கு ஊர் திரும்ப
மைலுக்கு இவ்வளவு காசு என்பது மட்டும்
பக்கத்துப் பத்தியில் இருக்கிறது.
கூட்டல் சரிதான், நான் போட்டுப் பார்த்தேன்.

ஜூன் முழுக்க அந்த ஒரு வரியைத் துடைத்தேன்,
கண்ணாடியில் மூச்சு விட்டு,
துடைத்து, மறுபடி மூச்சு விட்டு.
ஜூலையில் யாரோ தாளைப் புரட்டிவிட்டார்கள்.
கம்பளிச் சட்டைகள், முந்நூற்றுப் பன்னிரண்டு.

இந்தக் கொடியும் கிரைமியா போய் வந்ததுதான்.
அதற்குச் சீட்டு எடுக்க வேண்டியிருக்கவில்லை.

அப்புறம் இதை இன்னொரு படையோடு சேர்த்தார்கள்,
அதை வேறொன்றோடு.
பெயர் நீண்டுகொண்டே போனது,
ஆள் குறைந்துகொண்டே வந்தார்கள்.
ஃபிளாண்டர்ஸுக்குப் போய்
திரும்பாதவர்களுக்குப் பித்தளைப் பலகை,
மில் லேனிலிருந்து மட்டும் பதினான்கு பெயர்.
பித்தளைக்கு வேறு பாலிஷ்,
அதன் செலவை யார் தருவதென்று இன்னும் தகராறு.
பாசறை இருந்த இடத்தில் இப்போது கார் கழுவுகிறார்கள்.

தூசியை என்ன செய்வதென்று ஒருநாள் கேட்டேன்.
மேஜர் வெகுநேரம் யோசித்தார்.
கொடிக்கு விதி இருக்கிறது,
கொடியின் தூசிக்கு இல்லை.
குப்பைப் பையை அவர் எதிரில் கட்ட மனமில்லாமல்
அவர் போகும்வரை பெஞ்சுகளைத் துடைத்தேன்.

விழுந்த எழுத்தை நான் ஒப்படைக்கவில்லை.
தீப்பெட்டியில், ஏப்ரன் பையில் இருக்கிறது.
எங்கள் எழுத்தில்
அது டார்க்கஸில் முதலாவதாக வரும்,
திரெல்கெல்டில் கடைசியாக.

கொடி இன்னும் நாற்பது வருடம் தாங்கும் என்கிறார்கள்.
என் முழங்கால் தாங்காது.

இன்று இருபத்திரண்டாம் தேதி.
அடுத்த தாளுக்கு இன்னும் எட்டு நாள்.