நாலாவது பதினேழு

கோழி கூவுமுன் எனக்கு ஆள் வந்துவிடும்.
பூவரசடி அரண்மனையில் முதல் வேலை என்னுடையது:
ஜமீனின் மேலுதட்டில்
ராவோடு ராவாக முளைத்ததை
விடியுமுன் இல்லாமல் ஆக்குவது.

மீசை வந்தால் சாவி கேட்பான்.
சாவி அம்மான் மடியில் இருந்தது.

பெரிய ராசா குற்றாலத்துப் பாறையில் வழுக்கி
(இப்படித்தான் சொல்லச் சொன்னார்கள்)
போய்ச் சேர்ந்தபோது பிள்ளைக்கு வயசு ஏழு.
தலைப்பாகை கண்ணை மறைத்தது.
அம்மான் வன்னியப்பெருமாள் மடியில் இருந்துதான்
சபையைக் கும்பிட்டான்.
யாருக்கும் தப்பாகப் படவில்லை.
மொட்டைக்கும் காதுகுத்துக்கும் மடி கொடுப்பவன்
பட்டத்துக்கும் கொடுக்கட்டுமே.

மடி லேசில் விடவில்லை.

பதினேழு முடிந்த மறு வருசமும் பதினேழு.
அதற்கு மறு வருசமும்.
ஜாதக ஏட்டில் கறையான் தின்ற இடத்தை
ராயசம் அனந்தையர் வாகாகப் பயன்படுத்திக்கொண்டார்.
பாளையங்கோட்டைத் துரை வருவார்,
குதிரையை விட்டு இறங்காமலே மாடத்தைப் பார்ப்பார்,
'இன்னும் பால்முகம்' என்று குறித்துக்கொண்டு போவார்.
ஏட்டில் ராயசம், முகத்தில் நான்.

கடனாநதிக் கால் மதகை அடைத்த உத்தரவு
அவன் பேரில்.
ரெண்டு ஊர் வயல் வெடித்தது
அவன் பேரில்.
சனம் மண்ணை வாரித் தூற்றியதும்
அவன் பேரைச் சொல்லித்தான்.
அந்நேரம் மேல்மாடியில்
புறாவுக்குக் கம்பு போட்டுக்கொண்டிருந்தான்.

ஒருநாள் கேட்டான்:
"எனக்கு நெசமா என்ன வயசு வே?"
கத்தி தொண்டைக்குழியில் நின்றது.
"இந்த வருசம் ரெண்டு தீட்டுக்கல் தேஞ்சிட்டு, மகாராசா."
சிரித்தான்.
சோப்பு நுரை வாயில் போனது.

நாலாவது பதினேழில் கலியாணம்.
பொண்ணு, அம்மான் மகள்.
முறைப்பெண்; வாய் திறக்க யாருக்கு உரிமை?
ஆடிச் சாரலில் ஒன்பது வெடி போட்டார்கள்.
ஆண்பிள்ளை.

மறுநாள் கோழி கூவியது.
ஆள் வரவில்லை.
மூணாம் நாள் அம்மானே தொழுவுப் பக்கம் நிறுத்திச் சொன்னார்:
"இனி வளரட்டும்ல. ஆசைப்பட்டபடி வளரட்டும்."
அன்றைக்குத்தான் எனக்குப் பயம் வந்தது.

நல்ல மீசை. அப்பன் மீசை.
நிலைக்கண்ணாடியை விட்டு நகரமாட்டான் என்றார்கள்.
சாவி கேட்டானா, தெரியாது.

தையில் தமுக்கு அடித்தது:
மகாராசாவுக்கு வைராக்கியம் வந்துவிட்டது,
காசிக்குப் போகிறார்.
எனக்கு ஒரு பொழுது வேலை,
கூலி ஒரு கோட்டை நெல்.
தலையைக் குனிந்து கொடுத்தான்.
"மீசையைக் கடைசியா எடும்" என்றான்.
கடைசியாகத்தான் எடுத்தேன்.
நெல்லையும் வாங்கிக்கொண்டேன்.
புது நெல், குத்தினால் நொய் விழவில்லை.

சித்திரையில் சங்கரன்கோவிலில் முதல்முடி.
வன்னியப்பெருமாளின் மகன்
மீசையை ஒருதரம் முறுக்கிவிட்டு
சம்மணம் போட்டு உட்கார்ந்தான்.
இடுப்பு மடிப்பில் இரும்பு குலுங்கியது.
அதன்மேல் பிள்ளையை வைத்தார்கள்.

தலை என் உள்ளங்கைக்குள் அடங்கிவிட்டது.
உச்சிக்குழி கத்திக்குக் கீழே துடித்துக்கொண்டிருந்தது.
பக்கத்தில் ராயசம் புது ஏடு விரித்து
பேரை எழுதினார், நட்சத்திரம் எழுதினார்,
வருசத்துக்கு மட்டும்
இடம் விட்டார்.