நூறு படி

தகரப் பெட்டியைத் திறந்ததும் காடி வாடை.
கிராண்ட் ரோட்டில் பாட்லிவாலாவின் கிடங்குக்குள்
மழைத் தண்ணீர் புகுந்த வருஷம்
பதினேழு சுருளில் ஒன்பதுதான் பிரிந்து வந்தது.
மற்றவை வெல்லப்பாகாய் ஒட்டிக் கிடந்தன.

தார்தேவில், தரைக்குக் கீழே, ஏசி குளிரில்
கீறல் துடைக்கிறேன். கட்டத்துக்கு நாலு ரூபாய்.
கட்டம் கட்டமாகப் பார்ப்பவளுக்குக் கதை தெரியாது.
ஓடுகிறவன் எனக்கு ஓடுவதில்லை,
ஒரு காலைத் தூக்கியபடி
நின்றுகொண்டே இருக்கிறான்.

பிரெஞ்சு. ஊமைப்படம். நடிகர்: தெரியவில்லை.
பட்டியலில் ஒன்பது வரியிலும் இதேதான்.

முதல் சுருளில் ஒரு திருடன்
மாவுத் தொட்டிக்குள் விழுந்தான்.
துரத்தி வந்த போலீஸ்காரனும் விழுந்தான்.
இருவரும் எழுந்து தும்மியபோது
இரண்டு பேருக்கும் இடது சுண்டுவிரல்
ஒரே மாதிரி வெளியே வளைந்திருந்தது.
ஒரே பிலிமை இரண்டு தரம் ஓட்டித்
தன்னைத் தானே துரத்தியிருக்கிறான்.

அதற்குப் பிறகு விரலைத்தான் தேடினேன்.
மூன்றில் மணப்பெண். கையுறைக்குள்ளும் மடங்காத விரல்.
நான்கில் பிஷப்,
பிஷப்பின் கோழியைத் திருடும் சமையல்காரியும்.
ஐந்தில் கொலைகாரன், அவனுக்கு வக்கீல்,
போதாதென்று பிணம்.
போர்வைக்கு வெளியே அது மட்டும் சாகவில்லை.
பாதி அரித்த எழுத்து அட்டையில் ஒரு பெயர்:
ஓகுஸ்த் மார்வேய்.
சத்தமாகச் சொல்லிப் பார்த்தேன்.
பக்கத்து மேஜை சுனந்தா பிட்கர்
ஹெட்ஃபோனைக் கழற்றி, "என்னையா?" என்றாள்.

பெட்டி மூடிகளில் பென்சிலால் வருஷம் எழுதியிருந்தது.
பதினான்குக்கும் பதினெட்டுக்கும் நடுவே
பெட்டியே கிடையாது.
பிறகு வருகிறவன் உட்கார்ந்தே இருக்கிறான்.
நீதிபதி. துடுப்புக்காரன். சீட்டில் சொத்தை விடும் பிரபு.
எழுந்திருக்க வேண்டிய இடத்தில்
படம் வெட்டிக்கொண்டு அடுத்த அறைக்குப் போய்விடுகிறது.

ஏழாம் சுருளில் அவனைக் காணோம்.
கடற்கரை, கடிதம் படிக்கும் ஒருத்தி,
கீழ் ஓரத்தில் ஒரு நிழல்: தொப்பி, ஊன்றுகோல்.
காமிராவுக்குப் பின்னால் யாரோ.
'குறை. நீக்கவும்' என்றது வாடிக்கையாளர் குறிப்பு.
நீக்கினேன். இருநூற்றுப் பதினான்கு கட்டம்.
மணலை எடுத்து மணல்மேல் ஒட்டினேன்.
முடிவில் நிழல் இடது கையைத் தூக்கியது,
போதும், நிறுத்து என்பதுபோல.
அதையும் துடைத்தேன். சுத்தமான வேலை.

வடாபாவ் வாங்க மாடி ஏறும்போது,
ஏழாவது படியிலோ எட்டாவது படியிலோ,
அந்த விரல் ஞாபகம் வந்தது.

ஓடினேன். பின்வாங்கும் பொத்தானை அழுத்தினேன், அழுத்தினேன்.
மென்பொருளுக்கு ஞாபகம் நூறு படிதான்.
வட்டில் இடமில்லையென்று அசலை அழித்திருந்தார்கள்.
சுருளோ ஸ்கேனரை ஒரு தரம்தான் தாங்கியது,
பெட்டிக்குள் பொடியாகக் கிடந்தது.

இப்போது அந்தக் கடற்கரையில்
பாதிவரை வெறும் மணல்.
பிறகு எங்கிருந்தோ ஒரு நிழல்
தாதரில் வண்டியைத் தவறவிட்டவன்போல்
தாமதமாய் வந்து நின்று
ஆறு வினாடி வேலை பார்த்து, கை தூக்குகிறது.
யாரும் கேட்கவில்லை.
இருநூற்றுப் பதினான்குக்கும் காசு வந்துவிட்டது.

ஒன்பதாம் சுருளின் ஓரத்தில் ஒலிக்கோடு.
எல்லோரும் பேசுகிறார்கள், ஓயாமல்.
அவன் விடுதிப் பரிசாரகன்.
தட்டு, ஒரு கோப்பை, வளைந்த விரல்.
வசனம் இல்லை.
கட்டம் கட்டமாக எல்லாக் கீறலையும் எடுத்தேன்.
ஒரு கட்டத்தில்கூட அவனுக்கு ஒரு குறையும் தெரியவில்லை.

அன்று ராத்திரி எல்லோரும் போன பிறகு
முதல் தடவையாக
ஓடவிட்டுப் பார்த்தேன்.

நொண்டி நொண்டி வருகிறான்.
சமையலறைக் கதவிலிருந்து மேஜைவரை
கூடம் முழுக்கக் குறுக்கே,
வெட்டே இல்லாமல்,
ஒரு சொட்டும் சிந்தாமல்.