சிக்கன விருது

இஞ்சியோனுக்கு அப்பால்
கடலைத் தூர்த்துக் கட்டிய நகரில்
நான் சென்சார் பழுதுபார்ப்பவன்.

ஆள் அசையாவிட்டால் விளக்கு அணைந்துவிடும்.
குளியலறையில் உட்கார்ந்து அழுபவர்கள்
நடுநடுவே கையை ஆட்டிக்கொள்ள வேண்டும்.
என் மனைவி போ-ரம் சொன்னாள் இதை.
சிரித்தோம்.

போன மாதம் 1704-க்குப்
பச்சை நட்சத்திரம் விழுந்தது:
கட்டடத்திலேயே குறைந்த மின்சாரம்,
குறைந்த தண்ணீர்,
குப்பைக் குழாயில் ஒரு கிராம்கூட இல்லை.
மேலாளர் பெக்
சான்றிதழோடு ஒரு பெட்டி பேரிக்காயும் தந்து
கொடுத்துவிட்டு வா என்றார்.

மணி அடித்தேன்.
நல்வரவு என்றது கதவு.
திறக்கவில்லை.
என் அட்டையைக் காட்டினேன்.

பதினோரு நாளாம்.
திரைச்சீலை மட்டும்
காலை ஏழுக்கு விலகி, மாலை ஏழுக்கு மூடி
தன்பாட்டில் இருந்திருக்கிறது.
தரை இதமான சூடு.
செருப்பு அலமாரியில்
சேறு காய்ந்த ரப்பர் பூட்ஸ்;
இங்கே கடல் இருந்தபோது
சிப்பி கிளறியவளாம், குவாக் மல்-சுன்.

சென்சாரைச் சோதித்தேன்.
பழுதில்லை என்று எழுதினேன்.
பேரிக்காய்க்குப் படிவத்தில் கட்டம் இல்லை.
வீட்டுக்குக் கொண்டுவந்தேன்.

போ-ரம் ஒன்றைத் தோல் சீவினாள்,
அறுபடாமல், ஒரே சுருளாக.
யாரும் எடுக்கவில்லை.

விளக்கு அணைந்தது.
இரண்டு பேரும்
கையைத் தூக்கவில்லை.