சேணம் வேலியில் தொங்கிய ஏழு நாள்

தளி பஸ்ஸில் இறங்கி
பண்ணை கேட்டில் நின்றபோது
என்னிடம் பதினொரு பக்கத் திட்டம் இருந்தது.
மூன்றாம் பக்கத்தில்:
விடியல், பனி, பாய்ந்தோடும் குதிரைகள்.

பனி இருந்தது.
காற்று இரையாமலிருக்க மைக்கில் போர்த்திய
சாம்பல் நிறச் சடை உறையைக் கண்டு,
ஏதோ செத்ததைக் கம்பில் கட்டி எடுத்து வருகிறேன் என்று
வேலியோரம் ஒதுங்கிவிட்டன
எல்லாக் குதிரைகளும்.

முனிரத்னா சிரித்தாள்.
என் வயதில் பாதி.
கிழிந்த கம்பூட், சட்டைப் பையில் வெல்லம்.
"நேரா பாக்காதீங்க மேடம்.
அதை நேரா பாக்கறது சிறுத்தைதான்."

நேராகப் பார்ப்பதற்கென்றே
இருபத்தேழு வருடமாய்ச் சம்பளம் வாங்கியவள்
தோளைத் திருப்பிக்கொண்டு
அறுத்த ராகித் தாள்களை எண்ணினேன்.

நான்காம் நாள்
சாம்பல் பெட்டை ஒன்று பத்தடியில் வந்து நின்றது.
வா, என்றேன்.
வா, வா.
"பா சொல்லுங்க, அதுக்குக் கன்னடம்தான் வரும்."
ஓர் எழுத்துதான்.
அதற்குள் ஒரு மாநில எல்லை படுத்திருந்தது.
பா.
பிடரியில் சூடாய், ஈரமாய், புல் வாசத்தோடு ஒரு மூச்சு.
கேமரா பைக்குள் இருந்தது.

ஜவளகிரிக் காட்டிலிருந்து
ராகிப் போருக்கு யானைகள் இறங்கிய இரவில்
எங்கோ பட்டாசு, எங்கோ தகர டப்பா.
லாயத்தில் சத்தமே இல்லை.
பதினான்கு காதுகள் மட்டும் ஒரே திசையில்.
அதை எடுத்தேன். வேறெதுவும் தெரியவில்லை இருட்டில்.

பிறகு அந்தச் செவலைக் குட்டி,
இரண்டரை வயது, முதுகில் இன்னும் எதுவும் ஏறாதது.
முனிரத்னா சேணத்தை வேலியில் தொங்கவிட்டுவிட்டு
சாணம் அள்ளப் போய்விட்டாள்.
மறுநாளும் அப்படியே.
அதற்கு மறுநாள் மழை, சேணத்துக்கு ஒரு கோணிப்பை.
குட்டி வந்தது, மோந்தது, ஓடியது,
வந்தது.
வாரை ஒருமுறை கடித்துப் பார்த்தது.
எட்டாம் நாள் காலை, டீ ஆறுவதற்குள்
சேணம் முதுகில் இருந்தது.

தீவன டிரம்மின் மேல் லேப்டாப்பை வைத்து
படத்தைக் காட்டினேன்.
ஐம்பத்திரண்டு நிமிடம்.
வைக்கோலை மென்றபடியே பார்த்தாள்.
"சூப்பரா இருக்கு மேடம்," என்றாள்.
கொஞ்சம் பொறுத்து,
"சேணம் அன்னிக்கே ஏறிடுச்சா?"

ஓசூர் வரைக்கும் தக்காளி வேனில் வந்தேன்.
டிரைவர் ஏதோ கேட்டான், சரியாகக் காதில் விழவில்லை.

எடிட்டிங் அறையில் இப்போது
நான்கு நிமிடம் ஒரு வேலி,
அதில் ஒரு சேணம்.
இசை இல்லை, குரல் இல்லை.
சேனலிலிருந்து போன்:
"ஃபைல் கெட்டுப்போச்சா மேடம்? படம் அப்படியே நிக்குதே."

நிற்கவில்லை சார்.
மூன்றாம் நிமிடத்தில்
வலது ஓரத்தைப் பாருங்கள்,
ஒரு காது வரும்.
நேராகப் பார்க்காதீர்கள்.